பதினோரு நாள் பிந்திய காடு

இர்யா லெப்பாலாவின் காட்டில் அன்று மே ஒன்பது. வேலிக்கு வெளியே, பின்லாந்து முழுக்க, மே இருபது.

இது பைத்தியக்காரத்தனம் இல்லை. வேலை. வசந்தம் இப்போதெல்லாம் முந்திக்கொண்டு வருகிறது. ஓக் மரம் அவசரப்பட்டுத் துளிர்க்கிறது. அதன் இலையைத் தின்னும் புழுவும் சீக்கிரமே பிறந்து சீக்கிரமே முடிந்துபோகிறது. ஆப்பிரிக்காவிலிருந்து வரும் ஈப்பிடிப்பான் பறவை மட்டும் பழைய நாளில்தான் வந்து சேர்கிறது. அதன் குஞ்சு வாயைத் திறக்கும்போது காட்டில் புழு இல்லை. பறவையை அவசரப்படுத்த முடியாது, காட்டைத்தான் பிடித்து நிறுத்த வேண்டும் என்றார்கள் பருவக் கணக்கைப் படித்தவர்கள். குளிர்காலத்துப் பனியை மலையாகக் குவித்து மரத்தூளால் மூடி வைக்க வேண்டும். ஏப்ரல் பிறந்ததும் அதைத் தினமும் வண்டியில் இழுத்துப்போய் ஓக் வேர்களின் மேல் கொட்ட வேண்டும். படித்தவர்கள் சொல்லிவிட்டுத் தலைநகருக்குப் போய்விட்டார்கள். முந்நூற்றுப் பன்னிரண்டு மரம், கொட்டுவதற்கு இர்யா ஒருத்தி.

கூடவே ஒரு விதி. காவலாள் காட்டுத் தேதியில்தான் வாழ வேண்டும். முன்பு இருந்தவர்கள் வெளித் தேதியைப் பார்த்து, மே வந்தாயிற்றே என்று கை தளர்ந்தார்கள். பனி குறைந்தது. அந்த வருஷம் கூட்டுப் பெட்டிகளைத் திறந்தால் ஒன்றிலும் உயிர் இல்லை. அதிலிருந்து குடிசையில் ஒரே நாள்காட்டி, பதினோரு நாள் பிந்தியது. செல்பேசியில் வெளித் தேதி தெரியும் என்பதால் அது சாலையோரக் கடை மேசையின் டிராயரில் அணைந்து கிடக்கும். மே தினத்து டோனட்டை ஊர் தின்று முடித்துப் பதினோரு நாள் கழித்து, இர்யா தானே பொரித்துத் தானே தின்பாள். ஏழு வசந்தம் இப்படி. யாருக்கும் இடைஞ்சல் இல்லை. அவளைத் தேடி யாரும் வரவில்லை.

இந்த ஏப்ரலில் தம்பி கவுக்கோ கடிதம் போட்டான். ஸ்வீடனுக்குப் போய் ஒன்பது வருஷம் கழித்து வந்த முதல் கடிதம். துர்க்கு நகரில் நண்பனுக்குக் கூரை வேய மே இருபதுவரை இருப்பானாம். "மே ஒன்பதாம் தேதி பதினோரு மணி பஸ்ஸில் வருகிறேன். நிறுத்தத்தில் நில்." இர்யா ஒரே வார்த்தை பதில் எழுதினாள்: "நிற்பேன்."

அவனிடம் அவளுக்கு ஒன்று சொல்ல வேண்டியிருந்தது. அவன் ஸ்வீடன் போவதற்கு முன், இருவரும் வேலை பார்த்த காகித ஆலையில் வேலைநிறுத்தம். அதன் ஏழாவது வாரம், மைனஸ் முப்பது குளிரில், கவுக்கோ பின்வாசல் வழியாக உள்ளே போனான். ஆலை வாசல் பலகையில் கருங்காலி என்று அவன் பெயரை எழுதியது இர்யா. ஆனால் அவன் போனது காகிதம் ஓட்ட இல்லை, கொதிகலனுக்குத் தீ போட. அந்தக் கொதிகலனின் சூடுதான் தொழிலாளர் குடியிருப்புக்கும் போனது. அணைந்தால் நூற்றிருபது வீடுகள் உறைந்திருக்கும். இது இர்யாவுக்குத் தெரியும். தெரிந்துதான் எழுதினாள். மற்றவர்கள் உள்ளே போகாமலிருக்கப் பலகையில் ஒரு பெயர் தேவைப்பட்டது.

இதை நேரில், முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். காட்டு நாள்காட்டியில் ஒன்பதைச் சுற்றி வட்டம் போட்டு, ஒன்பது வந்ததும் தலை சீவிப் போய் நின்றாள்.

பதினோரு மணி பஸ் வந்தது. யாரும் இறங்கவில்லை. நிறுத்தத்தை ஒட்டிய கடையின் கதவைத் திறந்து கடைக்காரி ஹெல்வி எட்டிப் பார்த்தாள்.

"என்ன இர்யா, தலையெல்லாம் சீவியிருக்க? கல்யாணமா?"

"என் தம்பி வரான்."

ஹெல்வியின் சிரிப்பு நின்றது. "உயரமா, பச்சைத் தொப்பி போட்ட ஆளா?"

"ஆமா. பாத்தியா?"

"காப்பியே குடுத்தேன். பதினோரு நாளைக்கு முன்னாடி. நல்ல மழை. நாலு மணி பஸ் வரைக்கும் அந்த பெஞ்ச விட்டு எந்திரிக்கல. உள்ள வந்து உக்காருய்யான்னேன். 'அவ வரும்போது நான் இங்க இல்லாம போயிடக் கூடாது'ன்னுட்டான். யாருன்னு கேட்டதுக்கு வாயத் திறக்கல."

இர்யா பெஞ்சைப் பார்த்தாள். பிறகு தன் கைவிரல்களை மடக்கி எண்ணினாள்.

"அடக் கடவுளே. நீ காட்டு ஒன்பதுக்கு வந்து நிக்கிற!" என்றாள் ஹெல்வி. "உங்க ஆபீசுக்காரனுங்கள இந்த பெஞ்சுலயே கட்டி வைக்கணும்." டிராயரை இழுத்துச் செல்பேசியை எடுத்துக் கொடுத்தாள்.

இர்யா கடிதத்தில் இருந்த எண்ணுக்குக் கூப்பிட்டாள். மூன்றாவது மணியொலியில் தம்பி எடுத்தான்.

"கவுக்கோ, நான்தான். நான் இப்பதான் வந்து நிக்கிறேன்."

"பதினோரு நாள் லேட்டு. நீ வேணும்னே வரலன்னு நெனச்சிட்டேன்."

"இல்லடா. என் தேதி வேற. எனக்கு இன்னைக்குத்தான் ஒன்பது."

"சரி விடு. ராத்திரி எட்டு மணிக்குத்தான் கப்பல். நாலு மணி பஸ்ஸப் புடிச்சு வா. துறைமுகத்துல ஒரு மணி நேரம் உக்காரலாம்."

கடை வாசலில் தொங்கிய வெப்பமானியை இர்யா பார்த்தாள். இருபத்து மூன்று டிகிரி. அந்த வருஷத்தின் முதல் வெக்கை. தென்சரிவில் தொண்ணூறு மரம், மொட்டு வெடிக்கும் பதத்தில். வேரில் இன்று பனி விழாவிட்டால் நாளைக்கு இலை. பறவை இன்னும் வரவே இல்லை.

"வர முடியாதுடா."

"ஏன்?"

"வெக்க அடிக்குது. இன்னைக்குப் பனி கொட்டலன்னா மரமெல்லாம் விரிஞ்சிடும். வேற ஆள் இல்ல."

"ஆக, உனக்கு மரம்தான்."

"கவுக்கோ, வச்சிடாத. அந்தப் பலகை. நீ எதுக்கு உள்ள போனன்னு எனக்குத் தெரியும். அன்னைக்கே தெரியும். தெரிஞ்சேதான் எழுதினேன்."

ஹெல்வி திரும்பி நின்று, அடுக்கியிருந்த டப்பாக்களையே மறுபடி அடுக்கினாள்.

"தெரியும்னு எனக்கும் தெரியும்," என்றான் கவுக்கோ. "இத நீ நேர்ல சொல்லுவன்னுதான் மழையில உக்காந்திருந்தேன்."

"நான்..."

"வெக்க அடிக்குதுன்ன இல்ல? வேற ஆளும் இல்லன்ன. போய்க் கொட்டு. கொதிகலனுக்கு வேற ஆள் இல்லன்னு நானும் அன்னைக்குச் சொன்னேன், உன் காதுல விழல."

வைத்துவிட்டான். அது மன்னிப்பா, குத்தலா என்று இர்யாவுக்குப் பிடிபடவில்லை. மறுபடி கூப்பிட்டாள். எடுக்கவில்லை.

"பஸ்ஸுக்கு நேரம் இருக்கு. இன்னும் யோசிக்கலாம்," என்றாள் ஹெல்வி.

இர்யா செல்பேசியை அணைத்து அவள் கையில் கொடுத்தாள். குடிசைக்குப் போய்ச் சட்டையை மாற்றினாள். பனிமேட்டின் மரத்தூளை விலக்கி வண்டியை நிரப்பி இழுத்தாள். நாலு மணி பஸ் போகும் சத்தம் கேட்டபோது முப்பத்தைந்தாவது மரத்தில் இருந்தாள். எட்டு மணிக்கும் வெயில் இறங்கவில்லை. தென்சரிவில் இன்னும் பத்தொன்பது மரம் பாக்கி. காலிவண்டியைத் திருப்பிக்கொண்டு பனிமேட்டுக்கு நடந்தாள்.