ஒற்றை வரி உத்தரவு

அக்காளுக்கு ஆசிரியர் பயிற்சியில் இடம் கிடைத்திருந்தது. படிப்புக் கட்டணத்தில் சலுகை இல்லாமல் அவளை அனுப்ப வீட்டில் வகையில்லை. சலுகைக்கு ஜாதிச் சான்று வேண்டும். அப்போது நாங்கள் திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தோம். சர்க்கார் கச்சேரிக் கடிதமெல்லாம் மலையாளத்தில்தான் வரும். எங்கள் மனுவுக்குத் தாசில்தாரிடமிருந்து வந்தது ஒரே வரி. கொட்டாரம் கடைத்தெருவில் மனு எழுதுகிறவர் படித்துச் சொன்னார்: "அனுவதிக்க நிவர்த்தியில்லையாம். தரமாட்டோம்ணு அர்த்தம்."

"ஏனாம்?" என்றார் அப்பா.

"அதைத்தான் காணல்லியே. நோவு என்னதுண்ணு சொல்லாத வைத்தியன்கிட்ட என்ன மருந்தைக் கேக்கதுவே?"

காரணம் தெரியாததால் தோன்றியதையெல்லாம் சேர்த்தோம். தாத்தா காலத்து நிலப் பத்திரம், ஊரில் நாலு பேர் கையெழுத்து. எல்லாம் வைத்து நாகர்கோவிலில் மேலதிகாரிக்கு அப்பீல் போட்டோம்.

விசாரணைக்குக் கூப்பிட்டபோது பயிற்சியில் சேர மூன்று நாள்தான் மிச்சம். அப்பா தலைப்பாகையும் நெற்றியில் வெள்ளை நாமமுமாக நின்றார். அதிகாரி காகிதங்களைப் புரட்டினார்.

"கீழ உள்ள உத்தரவு சரிதான். போகலாம்."

அக்காள் என் கையை இறுக்கினாள். அஞ்சாம் வகுப்போடு நின்றவள் நான், துணைக்கு வந்திருந்தேன். வெளி ஆளிடம் பெயர் சொல்லக்கூட எனக்கு நாக்கு எழாது. அன்றைக்கு எப்படிப் பேசினேனோ!

"ஏன் தரல்லேன்னு எழுதித் தாருங்க, ஐயா. தெரிஞ்சாத்தானே பதில் சொல்ல முடியும்?"

"ஏட்டி, சும்மா கெட!" அக்காள் கிள்ளினாள்.

குமாஸ்தா சிரித்தார். "வக்கீலம்மா வந்திருக்கா!"

அதிகாரி சிரிக்கவில்லை. காகிதக் கட்டை மறுபடி பிரித்து, அடியிலிருந்து ஒரு தாளை உருவினார். அக்காளின் பள்ளிப் பதிவின் நகல்.

"தாசில்தார் இதைப் பார்த்துத்தான் தள்ளியிருக்காரு. அதை உத்தரவுல எழுதியிருக்கணும்; எழுதல்ல. ஜாதிண்ணு உள்ள இடத்துல அய்யாவழிண்ணு இருக்கு. யாரு சொன்னது?"

"நான்தான்," என்றார் அப்பா. "எங்க வழியில ஜாதி பாக்கது இல்ல. பிள்ளையைச் சேக்கும்போ வாத்தியார் கேட்டாரு. இதுதான் சொன்னேன்."

"அது வழிபாடு. ஜாதி என்ன? இப்போ நீரே சொன்னா உம்ம மொழியா, வாக்குமூலமா எழுதிக்கிடுதேன். பத்திரத்தோட ஒத்துவந்தா சான்று. இல்லேன்னா உத்தரவு அப்படியே நிக்கும்."

குமாஸ்தா பேனாவை மையில் தொட்டுக்கொண்டு காத்திருந்தார். இதையா கேட்டு வாங்கினேன்?

"வேண்டாம்பா. நான் படிக்கல்ல," என்றாள் அக்காள்.

அப்பா அவளை ஒரு தடவை பார்த்தார். பிறகு ஜாதியைச் சொன்னார்.

"கேக்கல்ல. உரக்கச் சொல்லும்," என்றார் குமாஸ்தா.

இன்னொரு தடவை சொன்னார்.

பத்திரத்தோடு ஒத்துவந்தது. மறுநாள் சான்று கையில் கொடுப்பதாகச் சொல்லி அனுப்பினார்கள். பஸ்ஸுக்கு நடக்கையில் அப்பா எங்களுக்கு ரொம்ப முன்னால் போனார். பஸ்ஸில் உட்கார்ந்த பிறகுதான் என் பக்கம் திரும்பினார்.

"நீ கேட்டது சரிதான், மக்கா."