மாமா வாங்கித் தந்த குளிர்

சென்ற மாதம் எங்கள் குசினிக்கு ஒரு சின்னப் பிரிஜ் வந்தது. ஒற்றைக் கதவு, என் நெஞ்சளவு உயரம். புதுச் சாமான் வந்தால் சொந்தக்காரர் வந்து பார்ப்பது மாம்புரியில் வழக்கம். அஸர் தொழுகை முடிந்ததும் உம்மாவின் மூத்த நானா, என் மாமா, வந்தார். சலாம் சொன்ன கையோடு குசினிக்குள் நுழைந்து பிரிஜின் தலையில் உள்ளங்கையால் பலமாக ஒரு தட்டுத் தட்டினார். காதைச் சாய்த்துச் சத்தத்தைக் கேட்டார். பிறகு உதட்டைப் பிதுக்கினார். தேங்காயைத் தட்டிப் பார்க்கலாம், பலாப்பழத்தைத் தட்டிப் பார்க்கலாம். பிரிஜைத் தட்டினால் என்ன தெரியவருகிறது என்று இந்த மனிதரிடம் நான் இன்றுவரை கேட்டதில்லை. கேட்டால் பதில் சொல்லத் தொடங்கிவிடுவார் என்ற பயந்தான் காரணம்.

மாமா இறால் வியாபாரி. கடலோரக் களப்பில் பிடிபடும் இறாலையும் மீனையும் கரையிலேயே வாங்கி, ஐஸ் பெட்டிகளில் அடைத்துக் கொழும்புக்கு அனுப்புவார். அந்த வேலை அவருக்குத் தெரியும், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் ஐஸ் தெரிந்தவனுக்கு உலகமே தெரியும் என்று அவர் நம்பினார். பிள்ளைகளின் படிப்பு, பெண்களின் கலியாணம், கிணற்றுத் தண்ணீரின் உப்பு, அடுத்த வீட்டுக் கூரையின் சரிவு, எல்லாவற்றுக்கும் தீர்ப்பு அவரிடம் தயாராக இருக்கும். வாப்பா மௌத்தான பிறகு எங்கள் வீட்டின் பொறுப்பைத் தான் ஏற்றுக்கொண்டதாக ஊருக்கெல்லாம் சொன்னார். அவர் எடுத்த பொறுப்பு எங்களிடம் கேட்காமல் முடிவெடுப்பது மட்டுந்தான். அந்த முடிவுகளோடு குடும்பம் நடத்தியது உம்மா.

பல வருடங்களுக்கு முன் உம்மாவுக்குச் சீனி வருத்தம் முற்றி, குளிசை போதாமல் போய், இன்சுலின் ஊசி எழுதிக் கொடுத்தார்கள். மருந்தைக் குளிரில் வைக்க வேண்டும். எங்கள் வீட்டில் பிரிஜ் இல்லை. பக்கத்து வீட்டில் இருந்தது. யுத்த காலத்தில் மன்னாரிலிருந்து விரட்டப்பட்டு வந்து இங்கேயே குடியேறிய குடும்பம் அது. அந்த வீட்டுப் பெண்ணை நாங்கள் மன்னார் ராத்தா என்போம். கட்டாரில் இருந்த மகன் வாங்கிக் கொடுத்த பிரிஜின் கதவுத் தட்டில் உம்மாவின் மருந்துக்கு அவர் மனமுவந்து இடம் கொடுத்தார். உம்மா விடியச் சுபஹுக்கு ஒருமுறையும் பொழுதுபட மஃரிபுக்கு ஒருமுறையும் போய் அந்த வீட்டுக் கதவைத் தட்டுவார். ராத்தாவின் மகனுக்குக் கலியாணமாகிப் புது மருமகள் வந்த பிறகு உம்மாவுக்குக் கூச்சம் பிடித்துக்கொண்டது. விடியக் காலையில் இன்னொருவர் வீட்டுக் கதவைத் தட்டாமல் தன் குசினியிலேயே மருந்தை எடுத்துக் குத்திக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான் அவர் ஆசை. அதை மாமாவிடம் சொன்னதுதான் வினையாகிப் போயிற்று.

"பிரிஜ்தானே? நான் பாத்து எடுத்துத் தாறன். உங்களுக்கு அதெல்லாம் தெரியாது" என்றார்.

புத்தளம் டவுனில் கடை. உம்மா உள்ளே போனதுமே ஒரு சின்னப் பிரிஜின் பக்கத்தில் போய் நின்றுவிட்டார். கதவைத் திறந்தார், மூடினார், மறுபடி திறந்தார். கதவின் உட்புறத்து முட்டைத் தட்டில் விரலை வைத்து மருந்துக் குப்பி நிற்குமா என்று பார்த்தார். எங்கள் குசினி இரண்டு பேர் நின்றால் மூன்றாமவர் வாசலில் நிற்க வேண்டிய குசினி. அதற்கு அளவெடுத்துச் செய்தது போல இருந்தது அந்தப் பிரிஜ். மாமா உம்மாவை விலக்கிவிட்டுக் கையை உள்ளே விட்டார். "இதுல குளிரே இல்லையே!" என்றார் கடைக்காரரிடம். அந்தப் பிரிஜுக்கு அப்போது கரண்டே கொடுத்திருக்கவில்லை. வயர் சுருட்டிப் பின்னால் கட்டியிருந்ததை நான் காட்டினேன். அவர் காதில் விழவில்லை.

"இதுல மீன் வச்சா கல்லாகுமா?" என்று கேட்டார். கடைக்காரர், அது வீட்டுப் பாவனைக்கான பிரிஜ், கல்லாக வேண்டுமென்றால் டீப் பிரீசர்தான் என்றார். மாமாவின் முகம் மலர்ந்தது. மூலையில் கிடந்த ஒரு வெள்ளைப் பெட்டிக்குப் போய், அதன் மூடியில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டி, "இதுதான் குளிர்" என்றார். ஆள் நீட்டிப் படுக்கலாம் போன்ற பெட்டி. குசினியில் இடம் காணாது என்று உம்மா மெதுவாகச் சொன்னார். "குசினி சின்னதெண்டா மத்தச் சாமானைக் குறைக்கிற" என்றார் மாமா. மருந்து உறைந்துபோகாதா என்று நான் கேட்டேன். அதற்கும் அவரிடம் பதில் இருந்தது. ஐஸ் பெட்டியில் மேலே கிடக்கும் மீன்தான் முதலில் பழுதாகும், ஆகவே மேலே குளிர் குறைவு, ஆகவே மருந்தை மேல் கூடையில் வைத்தால் போதும். களப்புக் கரையில் உருகும் ஐஸைப் பற்றிய அந்த அறிவைக் கரண்டில் ஓடும் பெட்டிக்கு அப்படியே தூக்கிப் பொருத்தினார். அதைச் சொன்னபோது அவர் முகத்தில் இருந்த தெளிவை இப்போது நினைத்தாலும் எனக்கு எரிச்சல் வருகிறது.

பெட்டியை உள்ளே கொண்டுபோகக் குசினி வாசலின் நிலையைக் கழற்ற வேண்டியிருந்தது. உம்மாவின் அம்மி வெளியே போயிற்று. பீங்கான் அடுக்கும் தட்டு மேலே இருந்ததால் மூடி பாதிதான் திறக்கும். உம்மா குள்ளம். எதை எடுப்பதானாலும் ஒரு பலகைக்கட்டையில் ஏறிப் பாதி உடம்பை உள்ளே விட வேண்டும். பேர் பெத்த பேர், தாகத்துக்கு நீர் இல்லை என்பார்களே, அந்தக் கதைதான். ஆனாலும் ஊர் வந்து பார்த்தது. தங்கச்சிக்கு எவ்வளவு பெரிய பெட்டி எடுத்துக் கொடுத்திருக்கிறார் என்று மெச்சியது. மாமா குசினி வாசலில் நின்று அந்த மெச்சலையெல்லாம் வாங்கிக்கொண்டார்.

பெட்டி யாருக்காக வந்தது என்பது சில நாட்களிலேயே தெரிந்துவிட்டது. மாமாவின் ஆட்கள் விற்காத இறாலைக் கொண்டுவந்து போட்டார்கள். ஹஜ்ஜுப் பெருநாளுக்கு அவர் கொடுத்த குர்பானின் இறைச்சியும் வந்து இறங்கியது. குர்பான் இறைச்சியில் ஏழைகளுக்கு ஒரு பங்கு, சொந்தத்துக்கு ஒரு பங்கு, வீட்டுக்கு ஒரு பங்கு. முன்பெல்லாம் வெயிலுக்குப் பயந்தாவது அன்றைக்கே பங்கு வைத்துவிடுவார். பெட்டி வந்த பிறகு அந்தப் பயம் போய்விட்டது. தொடைக்கறியெல்லாம் உள்ளே போக, எலும்பும் சவ்வும் பைகளில் ஊருக்குப் போயின. மன்னார் ராத்தாவுக்கும் அதுதான். நெடுநாள் மருந்து வைக்க இடம் கொடுத்தவருக்கு எலும்பைக் கொண்டுபோய்க் கொடுக்க வெட்கமாக இருந்ததென்று உம்மா பிறகு என்னிடம் அழுதார். இறைச்சி நன்றாக இறுகட்டும் என்று மாமா குளிரைக் கூட்டிவிட்டுப் போனார்.

நான் அப்போது முந்தலில் ஒரு பாடசாலையில் படிப்பித்துக்கொண்டு அங்கேயே தங்கியிருந்தேன். மருந்து கல்லாகிப் போவதை உம்மா என்னிடம் சொல்லவில்லை. மாமாவிடம் சொல்லியிருக்கிறார். "இறுகினா நல்லந்தானே, கெடாது. வெயிலில வச்சு இளக்கிப் போட்டுக் குத்துங்க. இறாலையும் அப்பிடித்தான் செய்ற" என்றிருக்கிறார் அவர். உம்மா அப்படியே செய்தார். உறைந்து செத்துப்போன மருந்தை, பிஸ்மி சொல்லி, நாள் தவறாமல் தன் வயிற்றில் குத்திக்கொண்டார். கடற்கரையில் சிப்பி ஓடு கீறிய காயம் ஒன்று வலது காலின் பெருவிரலில் இருந்தது. அது ஆறவில்லை. கறுத்தது. நான் வந்து பார்த்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது விரலை எடுப்பதைத் தவிர வழியில்லை என்றார்கள். நான் கையோடு கொண்டுபோயிருந்த மருந்துக் குப்பியை ஒரு தாதி வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, உள்ளே மிதந்த துகள்களைக் காட்டி, "இத ஐஸில வச்சீங்களா?" என்று கேட்டார்.

நான் மாமாவிடம் போய் நேரே சொன்னேன். "கவர்மெண்ட் மருந்து, அதுல பிழை இரிந்திருக்கும்" என்றார். ஆஸ்பத்திரிக்கு ஒரு கூடை தோடம்பழம் கொண்டுவந்தார். சீனி வருத்தக்காரிக்கு.

அதன் பிறகு உம்மா பழையபடி பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டப் போனார், இப்போது நொண்டிக்கொண்டு. ஒரு சின்னப் பிரிஜ் வாங்குவோம் என்று நான் சண்டை பிடித்தேன். "நானா வாங்கித் தந்தது இரிக்க இன்னொண்ட வாங்கினா அவர்ர மொகம் என்னாகும்?" என்றார். அந்த முகத்தைக் காப்பாற்ற இன்னும் எத்தனை விரல் வேண்டும் என்று கேட்டேன்.

அதற்கு உம்மாவின் பதில் அடுத்த ஹஜ்ஜுப் பெருநாளன்று வந்தது. இறால் வரத்து நின்று பெட்டி வெறுமையாகக் கிடந்த காலம் அது. மாமாவின் ஆட்கள் இறைச்சிக் கூடைகளோடு குசினி வாசலுக்கு வந்தார்கள். மாமா வழக்கம்போல யாரையும் கேட்காமல் உள்ளே போய்ப் பெட்டியின் மூடியைத் தூக்கினார். உள்ளே விளிம்பு வரைக்கும் தேங்காய்ப் பொச்சுமட்டையும் சிரட்டையும் காய்ந்த தென்னம்பாளையும். வயரைக் கழற்றிச் சுருட்டி மேலேயே வைத்திருந்தார் உம்மா.

"என்ன தங்கச்சி இது?"

"மழைக்கு விறகு நனையுது நானா. நீங்க எடுத்துத் தந்த பெட்டிக்குள்ள ஒரு சொட்டுத் தண்ணி போகாது."

"அப்ப இந்த இறைச்சிய என்ன செய்ற?"

"அது மார்க்கத்தில சொல்லித்தானே இரிக்கி" என்றார் உம்மா.

வெயில் ஏறிக்கொண்டிருந்தது. ஈ மொய்க்கத் தொடங்கியது. பெருநாளன்று ஐஸும் கிடைக்காது. மாமாவுக்கு வேறு வழியில்லாமல் எங்கள் முற்றத்திலேயே ஓலைப் பாயில் கொட்டிப் பங்கு வைத்தார்கள். மன்னார் ராத்தாவுக்குத் தொடைக்கறியை உம்மா தன் கையால் தூக்கிக் கொடுத்தார். அந்த வரிசை வீடுகளெல்லாம் அன்று நல்ல இறைச்சி தின்றன. மாமாவைப் பார்த்து, ஹாஜியாருக்கு அல்லாஹ் பரக்கத் செய்யட்டும் என்று வாங்கியவர்களெல்லாம் துஆச் செய்தார்கள். மாமா நெஞ்சில் கை வைத்து ஆமீன் சொன்னார். அவர் நடிக்கவில்லை. தான் கொடுத்ததாகவே நம்பிவிட்டார், அதுதான் அந்த மனிதரின் கேவலம்.

பெட்டி பல வருடம் விறகு காத்தது. உப்புக் காற்றில் அதன் அடி அரித்து, சென்ற மாதம் பழைய இரும்புக்காரர் ஏற்றிப் போனார். அதன் பிறகுதான் புதிது வாங்க உம்மா சம்மதித்தார். இந்த முறை கடைக்கு நாங்கள் இருவர் மட்டுமே போனோம்.

பிரிஜைத் தட்டி உதட்டைப் பிதுக்கிய மாமா முன்னறைக்கு வந்து, வந்திருந்த சொந்தக்காரர் நடுவே பாயில் அமர்ந்தார். தேத்தண்ணி வந்தது. "இது என்ன பெட்டி? நான் எடுத்துக் குடுத்தது பெட்டி" என்று தொடங்கினார். "வாப்பா இல்லாத வீடு, தங்கச்சிட விறகு மழையில நனையக் கூடாதெண்டு யோசிச்சுத்தான் அவ்வளவு பெரிசா எடுத்தன்." எல்லோரும் தலையாட்டினார்கள். எதிரே இருந்த உம்மா, மடக்கி வைத்திருந்த வலது காலை மெல்ல அவருக்கு முன்னால் நீட்டினார். பெரியவர்களுக்கு முன்னால் உம்மா கால் நீட்டி நான் பார்த்ததே இல்லை.

"ஓம் நானா, விறகு நனையல்ல" என்றார்.

மாமா சிரித்தார். பெருவிரல் இல்லாத அந்தக் கால் தான் உடுத்திருந்த வெள்ளைச் சாரத்தில் பட்டுவிடாதபடி விளிம்பை இழுத்துக்கொண்டு, சற்றுத் தள்ளி உட்கார்ந்தார்.