கோமாவில் கிடந்த வேலைக்காரி

பதினெட்டு வருஷம் நாடக மேடையில் நின்றிருக்கிறேன். கொச்சி மட்டாஞ்சேரியில் பிறந்த தமிழ்ப்பெண் நான். வீட்டில் தமிழ், மேடையில் மலையாளம். ராணியாகவும் நடித்தேன், பிள்ளையைப் பறிகொடுத்த தாயாகவும் நடித்தேன். கோயில் உற்சவம், சர்ச் பெருநாள் என்று வேனில் குலுங்கிக் குலுங்கி முதுகு போயிற்று. குழு கலைந்தபின் மலையாள டிவி சீரியலுக்கு வந்தேன். அங்கே எனக்கு ஒரே வேஷம்தான்: தமிழ்நாட்டிலிருந்து வந்த வேலைக்காரி.

"சேச்சி, இன்னும் கொஞ்சம் தமிழா இருக்கணும்" என்பார் டைரக்டர். நான் வீட்டில் பேசுகிற தமிழ் அவருக்குப் போதவில்லை. "ஐயோ அம்மா" என்று நெஞ்சில் அடித்துக்கொண்டால்தான் திருப்தி.

போன சீரியலில் என்னை மாடிப்படியில் தள்ளிவிட்டார்கள். அப்புறம் கோமா. விடியற்காலையில் அம்மாவுக்குக் கஞ்சி கொடுத்து, பக்கத்து வீட்டு அக்காவிடம் விட்டுவிட்டு, படகேறி எர்ணாகுளம் போய், அங்கிருந்து இரண்டு பஸ் மாறிப் போவேன். போனதும் நெற்றியில் கட்டு, மூக்கில் டியூப். கண்ணை மூடிக் கிடக்க வேண்டும். கதாநாயகி என் கையைப் பிடித்து அழுவாள். சொல்ல வெட்கம்தான், எனக்கு அது சுகமாக இருந்தது. ஒருநாள் நிஜமாகவே தூங்கிப்போய்க் குறட்டை விட்டேன். எல்லோரும் சிரித்தார்கள். டைரக்டர் மட்டும் சிரிக்கவில்லை.

இரண்டு வாரம் கழித்து, "சேச்சி, நாளைக்கு நீங்க சாகறீங்க" என்றார்.

அந்தக் காட்சி டிவியில் வந்த அன்று சாயங்காலம் நான் வீட்டில்தான் இருந்தேன். அம்மாவுக்கு மறதி நோய். சில நாள் என்னை நர்ஸ் என்பாள், சில நாள் தன் தங்கச்சி என்பாள். ஆனால் சீரியலில் வரும் அந்த வேலைக்காரியை மட்டும் மறக்கவே மாட்டாள். மகளைப் பிணமாகப் பார்க்க வேண்டாம் என்று டிவியை அணைக்கப் போனேன்.

"தள்ளுடி, மறைக்காதே!"

தள்ளி நின்றேன். திரையில் என் முகத்தை வெள்ளைத் துணியால் மூடினார்கள். அம்மா வாய்விட்டு அழுதாள்.

"அம்மா, நான்தான் அது. இங்கேதான் நிக்கறேன், பாரு."

"நீயா? நீ யாரு? பாவம், அவ எவ்வளவு வேலை செஞ்சா! ஒரு நாள் உட்கார்ந்து பார்த்ததில்ல."

கஞ்சிக் கிண்ணத்தை நீட்டினேன். அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"சாவு விழுந்திருக்கு. தலைக்கு ஊத்தாம எப்படிச் சாப்பிடறது?"

வாதாட எனக்குத் தெம்பில்லை. வெந்நீர் வைத்தேன். அம்மாவை ஸ்டூலில் உட்கார வைத்துத் தலைக்கு ஊற்றித் துவட்டினேன். "நீயும் ஊத்திக்கோ" என்றாள். மிச்சமிருந்த வெந்நீரை என் தலையில் ஊற்றிக்கொண்டேன். அதற்குள் கஞ்சி ஆறிவிட்டது. சூடாக்காமலே இரண்டு பேரும் குடித்தோம்.