கீழ்வீட்டு நடிகை

என் கணவருக்கு வாய்விட்டுச் சிரிக்கத் தெரியும் என்பதை நான் லண்டனுக்கு வந்துதான் அறிந்தேன். அதுவும் நேரில் அல்ல. வால்தம்ஸ்டோவில் நாங்கள் வாடகைக்கு இருந்த மேலறைக்குப் பலகைத் தரை. அந்தப் பலகைகளின் இடுக்கால் அவருடைய சிரிப்பு கீழேயிருந்து ஏறி வந்தது. கீழே இருந்தவள் வீட்டுக்காரி, எண்பது தாண்டிய வெள்ளைக்காரக் கிழவி. நான் புட்டை மூடி வைத்துவிட்டுக் காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன்.

எண்பதுகளின் பிற்பகுதி அது. எங்களுடையது பேசிச் செய்த கலியாணம். ஊரில் சண்டை என்று சென்னையில் தாலி கட்டிய கையோடு அவர் லண்டனுக்குத் திரும்பிவிட, எனக்கு விசா கிடைத்து வந்துசேர ஒரு வருடத்துக்கு மேல் ஆயிற்று. பெற்றோல் நிலையத்தில் ஷிப்ட் முடித்து வருகிறவர் நேரே கிழவியின் முன்னறைக்குள் நுழைவார். தேத்தண்ணி, பிஸ்கற், கதை. மேலே வரும்போது புட்டும் ஆறியிருக்கும், கதைக்க அவரிடம் இருந்த பேச்சும் தீர்ந்திருக்கும். அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். அவளே அப்படித்தான் கேட்டாளாம். கட்டிய மனைவி எனக்கு ‘இஞ்சேரும்’ என்ற கூப்பாடு மட்டும்தான். பாட்டி வயதுக்காரியைப் பார்த்துப் பொறாமைப்படுகிறாயே என்று என்னை நானே கேட்டுப் பார்த்தேன். பொறாமை வயதா பார்க்கிறது?

அவள் ஊமைப் படங்களில் நடித்தவள் என்பதையும் அவர்தான் சொன்னார், சாப்பாட்டுக்கு நடுவில், போனால் போகிறது என்பதுபோல. வால்தம்ஸ்டோவிலேயே அந்தக் காலத்தில் கண்ணாடிக் கூரை போட்டுப் படம் பிடித்தார்களாம். உடுப்புத் தைக்கப் போனவளை, முகம் நன்றாயிருக்கிறது என்று கமராவுக்கு முன்னால் நிறுத்திவிட்டார்கள். ஆனால் ஒருபோதும் கதாநாயகி இல்லை. கதாநாயகன் விட்டுப்போகிற மனைவி, தங்கைக்கு மாப்பிள்ளையைப் பறிகொடுக்கிற அக்கா, இப்படித்தான். பொறாமைக்கு அவளை விட்டால் ஆளில்லை என்று டைரக்டர்மார் தேடி வருவார்களாம். சுவரொட்டியில் மட்டும் பெயர் வராது. பேசும் படம் வந்ததும் ஒரு வசனம் கொடுத்துப் பார்த்திருக்கிறார்கள். சொல்ல வேண்டியதை முகம் முதலே சொல்லி முடித்துவிட, வசனம் பின்னால் தனியே வந்ததாம். அதோடு சரி. பிறகு அதே ஊர்த் தியேட்டரில் டிக்கெட் கிழித்திருக்கிறாள். பாவம் என்று நினைக்க முயன்றேன். வரவில்லை.

ஒருநாள் பொறுக்கமாட்டாமல், வடை கொடுக்கிற சாக்கில் கீழே இறங்கினேன். அவர் நாற்காலியில் சாய்ந்து, கைகளை ஆட்டி ஏதோ விவரித்துக்கொண்டிருந்தார். அப்படி அவர் கைகளை ஆட்டி நான் கண்டதில்லை. என்னைக் கண்டதும் கைகள் மடியில் அடங்கின. கிழவி வடையைப் பார்க்கவில்லை. எழுந்து வந்து என் நாடியைப் பிடித்து முகத்தை ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பினாள். ஏதோ சொன்னாள். அவர் சிரித்துக்கொண்டு மொழிபெயர்த்தார்: எனக்கு ஸ்டூடியோவில் நல்ல வேலை கிடைத்திருக்குமாம். என்ன வேலை என்று அவருக்கு விளங்கவில்லை. எனக்கு விளங்கியது. மேலே போய்த் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதேன்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில், அவள் நடித்த படமொன்றின் ஒரு துண்டு எங்கிருந்தோ அகப்பட்டு, நூலக மண்டபத்தில் போட்டுக் காட்டினார்கள். எங்கள் இருவரையும் கூட்டிப்போனாள். ஒருவர் பியானோ வாசித்தார். திரையில் ஒரு விருந்து. கணவன் வேறொருத்தியோடு ஆடுகிறான், இவள் தூணருகில் நிற்கிறாள். பிறகு திரை முழுக்க இவள் முகம். உதடு அசைகிறது, ஆனால் என்ன சொல்கிறாள் என்று எழுத்து எதுவும் போடவில்லை. அவ்வளவு வருடம் பலகைக்கு மேலே நான் வைத்துக்கொண்டு நின்ற முகம் அது.

படம் முடிந்து தேத்தண்ணி கொடுக்கும்போது, அந்த இடத்தில் என்ன சொன்னீர்கள் என்று எல்லாரும் அவளைச் சூழ்ந்து கேட்டார்கள். அவள் என்னைக் காட்டினாள். இவளைக் கேளுங்கள், இவளுக்குத் தெரியும் என்றாளாம்.

அவர் ஆச்சரியமாக என் பக்கம் திரும்பினார். “இவ என்ன சொன்னவ எண்டு உமக்குத் தெரியுமோ?”

“ஓம்,” என்றேன். “‘என்னோடையும் கொஞ்சம் கதையுங்கோவன்’ எண்டு கேட்டவ.”

சுற்றி நின்றவர்கள் இங்கிலீஷுக்காகக் காத்திருந்தார்கள். அவர் சொல்ல வாயெடுத்தார். பாதியில் நிறுத்தி, கோப்பையை மேசையில் வைத்தார். கிழவி அவருடைய கையைத் தட்டி, வேண்டாம் என்று தலையசைத்தாள்.

திரும்பும்போது பஸ்ஸில் அவள் முன் இருக்கையில் தூங்கிவிட்டாள். அவர் என்னருகில் இருந்தார். கலியாணத்துக்கு முந்தி குரோய்டனில் விசா அலுவலகத்து வரிசையில் நின்றதைச் சொல்லத் தொடங்கினார். திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று பயந்து, முன்னால் நின்ற முன்பின் தெரியாத ஒருவரின் கோட்டைப் பிடித்துக்கொண்டாராம். சொல்லும்போது அவர் கைகள் அசைந்தன. இதையெல்லாம் கிழவிக்கு எப்போதோ சொல்லி முடித்திருப்பார் என்று எனக்குத் தெரியும். வயிறு எரியத்தான் செய்தது. இருந்தாலும், பிறகு என்ன நடந்தது என்று கேட்டேன்.