அம்மா அடுக்கிய மலை

பஸ் நின்றுவிட்டது. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் ஏறும் பாதையில் பஸ் நிற்பது ஒன்றும் புதிதில்லை. ரோட்டை அகலப்படுத்துகிறோம் என்று மலையைச் சீவிக்கொண்டிருக்கிறார்கள். ஜேசிபி ஒதுங்குவதற்குள் டிரைவர் இறங்கிப் போய் டீ குடித்துவிட்டே வந்துவிடலாம். அன்றைக்கு மழை பெய்து அப்போதுதான் விட்டிருந்தது. ஜன்னல் கண்ணாடியைத் தள்ளியதும் அந்த வாசனை வந்தது. மண் வாசனை இல்லை. அதைப் பற்றித்தான் ஆளாளுக்கு எழுதித் தீர்த்துவிட்டார்களே. இது கல் வாசனை. புதிதாக உடைத்த கருங்கல்லில் தண்ணீர் பட்டால் வரும். அம்மி கொத்துகிறவர் வந்து போன அன்று, கழுவிவிட்ட சமையலறையில் இருக்குமே, அது.

ஜன்னலுக்கு எதிரே மலை வயிறு கிழிந்து நின்றது. அடியில் நீலமும் கறுப்புமாக, எண்ணெய் தடவியதுபோல மினுங்கும் பாறை. அதன்மேல் வெங்காயம்போலப் பட்டை பட்டையாக உரியும் உருண்டைக் கற்கள். அதற்கு மேலே தொட்டாலே உதிர்ந்துவிடும் மஞ்சள் கல். அதற்கும் மேலே செம்மண். உச்சியில், கீழே நடப்பது எதுவுமே தெரியாத முகத்தோடு தேயிலைச் செடிகள். பாறை மண்ணாகிற கதை முழுவதும் ஒரே சுவரில்! இதைப் பார்க்க எதற்குக் காட்டுக்குள் போக வேண்டும், எதற்கு அனுமதிச் சீட்டு? இங்கேயே நாலு பேரைக் கூட்டிவந்து காட்டலாமே என்ற யோசனை அந்த நிமிடம்தான் வந்தது. பக்கத்து சீட்டில் தூங்கிக்கொண்டிருந்தவரை உலுக்கிச் சொல்லிவிட இருந்தேன். என் அவசரம் அப்படி. உலுக்கவில்லை. அதற்குள் என் இரண்டு காதும் சூடாகிவிட்டன. ஏனென்றால் இந்த அடுக்கை நான் முன்பே பார்த்திருக்கிறேன், முழங்கால் உயரத்தில். என் கையாலேயே கலைத்தும் இருக்கிறேன்.

கோவையில் நிலவியல் இரண்டாம் வருடம் படித்துக்கொண்டிருந்த நேரம் அது. இரண்டாம் வருடம் என்பது ஒரு மாதிரியான நோய். முதல் வருடத்தில் ஒன்றும் தெரியாது, கடைசி வருடத்தில் தெரியாதது எவ்வளவு என்று தெரிந்துவிடும். நடுவில் இருப்பவனிடம் யாரும் மாட்டிக்கொள்ளக் கூடாது. பஸ் ஸ்டாண்டு திட்டு எந்தக் கல், கோயில் படி எந்தக் கல் என்று, கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் சொல்லிக்கொண்டிருந்தேன். ஊரில் எல்லோரும் கருங்கல் என்பதை நான் மட்டும் சார்னோக்கைட் என்பேன். லீவில் பொறுக்கி வந்த கற்களை, குன்னூரை ஒட்டிய வெலிங்டனில் எங்கள் குவார்ட்டர்ஸ் கட்டிலுக்கடியில் சேர்த்து வைத்திருந்தேன். அவற்றில் மிகச் சிறந்ததை, சிவப்புச் சிவப்பாகக் கார்னெட் மணிகள் பதிந்ததை, அம்மா கதவு அடித்துக்கொள்ளாமல் இருக்க முட்டுக் கொடுத்து வைத்திருந்தாள். "உன்ற கல்லுலயே இதுதாண்டா உருப்படி" என்பாள்.

குவார்ட்டர்ஸ் என்றதும் எனக்கு ஆணி ஞாபகம் வருகிறது. அப்பா பாதுகாப்புத் துறையில் சிவிலியன் கிளார்க். நான் பிறந்ததிலிருந்து அந்த மஞ்சள் சுவர்களுக்குள்தான் இருந்தோம், ஆனால் அம்மா அந்தச் சுவர்களில் ஓர் ஆணி அடித்ததில்லை. காலி செய்யும்போது ஓட்டை இருந்தால் கேட்பார்களாம். காலண்டர் ஜன்னல் கம்பியில் நூல் கட்டித் தொங்கும். சாமி படங்கள் அலமாரித் தட்டில் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்திருக்கும். "சொந்த ஊடு கட்டுனா மொதல்ல ஒரு ஆணி அடிக்கோணும். சும்மாவாச்சும்" என்று அவள் சொல்லும்போது அப்பா பேப்பரை இன்னும் கொஞ்சம் உயர்த்திப் பிடித்துக்கொள்வார். அவருக்கு ரிட்டயர்மெண்ட் நெருங்கிக்கொண்டிருந்தது.

சென்னிமலைக்கோ சிவன்மலைக்கோ போனால், படியோரம் ஜனங்கள் கல்மேல் கல் அடுக்கி வைத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். வீடு வேண்டும் என்ற வேண்டுதல் அது. யாராவது அடுக்கியிருக்கிற இடத்தைப் பார்த்துவிட்டால் அம்மா நடக்க மாட்டாள். அப்படியே உட்கார்ந்துவிடுவாள். மூன்று நாலு கல்லைப் பொறுக்கி அடுக்கி, கும்பிட்டு, அது சரியாமல் நிற்கிறதா என்று திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே படியேறுவாள்.

அந்த லீவில்தான் குன்னூரில் சில இயற்கை ஆர்வலர்கள் சேர்ந்து, வனத்துறை அனுமதியோடு, முக்குறுத்தி தேசியப் பூங்காவின் ஓரத்தில் ஒரு நாள் கல் சுற்றுலா வைத்தார்கள். வேனில் ஒரு சீட்டு மிச்சமிருந்தது. அம்மாவைக் கூப்பிட்டேன். மகன் படிக்கிற படிப்பு என்னதான் என்று பார்க்க அவளுக்கும் ஆசை. ஸ்வெட்டருக்கு மேல் சால்வை, சால்வைக்கு மேல் குல்லா, மடியில் தக்காளிச்சோற்று டப்பா.

வழிகாட்டியாக வந்தவர் சுகந்தி அக்கா. இத்தலார் கிராமத்துக்காரர், படுகர் வீட்டுப் பெண், எனக்கு ஐந்தாறு வயது மூத்தவர். நிலவியலில் பட்டம் வாங்கியவர், குரலை உயர்த்தாமல் பேசுகிறவர். அவர் "இந்தப் பாறை எப்படி..." என்று ஆரம்பித்தால் நான் முடித்துவிடுவேன். மூன்றாவது முறை நான் முந்தியபோது அவர் கையைக் கட்டிக்கொண்டு, "தம்பி, நீங்களே சொல்லிடுங்க. நான் அப்படி உட்கார்ந்து டீ குடிக்கிறேன்" என்றார். வேன் முழுக்கச் சிரித்தது. அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டு நான் மேலே சொல்லிக்கொண்டே போனேன் என்பதை இங்கே ஒத்துக்கொள்ள வேண்டும்.

சாப்பாட்டுக்கு நிறுத்திய இடத்தில் புல்வெளி சரிந்து இறங்கியது. பாதையோரம் சுகந்தி அக்கா ஒரு வரிசை வைத்திருந்தார்: உறுதியான பாறைத் துண்டு, பட்டை உரியும் கல், உதிரும் மஞ்சள் கல், கடைசியில் செம்மண் கட்டி. பாறை எப்படி மண்ணாகிறது என்பதை வருகிற ஒவ்வொரு குழுவுக்கும் காட்டுவதற்காக, அங்கேயே உதிர்ந்து கிடந்தவற்றிலிருந்து, அனுமதி வாங்கி எடுத்து வைத்த வரிசை. "சாப்பிட்டுட்டு இதைப் பார்ப்போம்" என்று சொல்லிவிட்டு அவர் வேனுக்குப் போனார். நான் ஒரு பாறைமேல் ஏறி, கோவையிலிருந்து வந்திருந்த இரண்டு பேருக்கு அந்தப் பாறையின் வயதை விளக்கிக்கொண்டிருந்தேன்.

அம்மா டப்பாவைக் கழுவ ஓடை தேடிப் போனவள், வரிசையாக வைத்த கற்களைப் பார்த்திருக்கிறாள். மலைமேல், பாதையோரம், மனிதக் கை வைத்த கற்கள். அவளுக்கு வேறென்ன தோன்றும்?

"ஆருங்க இது? ஆரு இந்தக் கல்லையெல்லாம் அடுக்குனது?"

கூட வந்திருந்த வனக் காவலரின் சத்தம் கேட்டுத் திரும்பினோம். பாதையோரம் ஒரு சின்னக் கல் வீடு நின்றது. உச்சியில், தரையில் உதிர்ந்து கிடந்ததை எடுத்து வைத்த ஒரு சிவப்புக் காட்டுப்பூ. அம்மாவைப் பார்த்து, பக்கத்தில், எங்கள் வேனில் வந்த பீளமேட்டு அக்கா ஒருவரும் சரளைக்கல் பொறுக்க ஆரம்பித்திருந்தார். "நம்முளுது ரெண்டு மாடிங்கக்கா" என்று அவர் சொன்னது என் காதில் விழுந்தது.

அம்மா எழுந்து நின்றாள். "நானுங்க. ஊடு அமையோணும்னு வெச்சேனுங்க."

"இது பார்க்குங்கம்மா. கோயலு இல்ல. ஒரு கல்லக்கூட நவுத்தக் கூடாது."

"எடம் நல்ல எடமாத்தான் புடிச்சிருக்காங்க. பட்டா வாங்கிக் குடுத்தர்லாமுங்களா?" என்றார் பின்னாலிருந்து ஒருவர். எல்லோரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தாள், குல்லாவைச் சரி செய்துகொண்டே. நான்தான் சிரிக்கவில்லை. காலையிலிருந்து கட்டி எழுப்பிய என் மரியாதை முழுவதும் அந்தக் குல்லாவோடு போய்விட்டது என்று எனக்குத் தோன்றியது. பாறையிலிருந்து குதித்து ஓடினேன்.

"நான் சரி பண்ணிடறேனுங்க சார். நான் ஜியாலஜி ஸ்டூடண்ட்."

வேன் பக்கமிருந்து சுகந்தி அக்கா கையை ஆட்டிக்கொண்டு ஓடிவந்தார். "இருங்க, இருங்க! தொடாதீங்க!" அவர் கோபத்தில் கத்துகிறார் என்றுதான் நினைத்தேன். இன்னும் வேகமாகக் கலைத்தேன். பூ உருண்டது. செம்மண் கட்டி கையிலேயே பொடிந்தது. அம்மாவை நிமிர்ந்து பார்க்காமல், கற்களைத் தரையில் வரிசையாக வைத்து முடித்தேன்.

சுகந்தி அக்கா மூச்சு வாங்க வந்து நின்றார். "கலைச்சுட்டீங்களா... ஒரு போட்டோ எடுத்திருப்பேன்." பிறகு குனிந்து, நான் வைத்த வரிசையில் இரண்டு கற்களை இடம் மாற்றினார். அதையும் தப்பாக வைத்திருந்தேன்! அம்மா அந்தப் பூவை எடுத்துத் துடைத்து, காலி டப்பாவுக்குள் போட்டு மூடினாள். திரும்பும் வழியில் தூங்குவதுபோலக் கண்ணை மூடிக்கொண்டே வந்தாள். வெலிங்டன் வந்ததும், "உன்ற டீச்சரம்மா உன்னைய வஞ்சாங்களா கண்ணு?" என்று மட்டும் கேட்டாள்.

அந்த போட்டோ எதற்கு என்று எனக்குப் புரிந்தது, இத்தனை வருடம் கழித்து, நின்றுபோன பஸ்ஸில். தரையில் படுத்துக் கிடந்த வரிசையை அம்மா நிமிர்த்தி வைத்திருந்தாள். கெட்டிக் கல் அடியில், உரியும் கல் அதன்மேல், உதிர்வது அதற்கும் மேல், உச்சியில் செம்மண், அதன்மேல் ஒரு செடியின் பூ. வேறு எப்படி வைத்தாலும் அது நின்றிருக்காது. மலையும் அப்படித்தான் நிற்கிறது. அது மலை என்று அவளுக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். எனக்குத் தெரிந்ததெல்லாம் நாலு பேர் சிரிக்கிறார்கள் என்பதுதான்.

அப்பா ரிட்டயராகி, குவார்ட்டர்ஸைக் காலி செய்தோம். சுவரில் ஓட்டை ஏதும் இல்லை என்று பார்த்துத் திருப்தியோடு சாவி வாங்கிக்கொண்டார்கள். பிறகு குன்னூரில் வாடகைக்கு ஒரு மாடி, அப்புறம் வேறொரு மாடி. ஆணி இன்னும் அடிக்கவில்லை. கல் அடுக்கியதைக் கலைத்ததால்தான் வீடு அமையவில்லை என்றெல்லாம் நம்புகிற ஆள் இல்லை நான். ஆனால் போன தையில் சென்னிமலை போனபோது, எல்லோரும் கல் அடுக்கும் இடத்தில் அம்மா மட்டும் கையைச் சேலைக்குள் மடித்துக்கொண்டு நடந்தாள். "நீ வெக்கலியா?" என்றேன். "வேண்டாஞ் சாமி. ஆராச்சும் வைவாங்க."

முக்குறுத்திச் சுற்றுலா இப்போது இல்லை. சுகந்தி அக்கா பெங்களூரு பக்கம் வேலைக்குப் போய்விட்டார். அந்த வரிசையைப் புல் மூடியிருக்கும். கார்னெட் பதிந்த என் கல்லைக் காலி செய்த அவசரத்தில் குவார்ட்டர்ஸிலேயே விட்டுவிட்டு வந்தோம், இப்போது யார் வீட்டுக் கதவுக்கு முட்டுக் கொடுக்கிறதோ. ரோட்டோரத்து இந்த மலைச் சுவரும் போகப்போகிறது. ஜேசிபிக்குப் பக்கத்தில் நின்ற மேஸ்திரியிடம் இறங்கிப் போய்க் கேட்டேன். "வலையடிச்சு சிமெண்ட்டு பூசிருவமுங்க. அடுத்த மழைக்குள்ள மூடிருவம்" என்றார்.

அதனால் வருகிற ஞாயிற்றுக்கிழமை. வேலை நடக்காத நாள், பக்கத்துப் பாலத்தோரம் ஒதுங்கி நிற்க இடமும் இருக்கிறது. இரண்டு நண்பர்களிடம் சொல்லியிருக்கிறேன், வந்தால் வரட்டும். என்ன பேசுவது என்று எழுதிப் பார்த்து, பாதியை அடித்துவிட்டேன். முதல் ஆளாகக் கூப்பிட்டது அம்மாவை, பஸ் கிளம்புவதற்கு முன்பே, அங்கிருந்தே.

"கல்லு பாக்கவா? மறுக்காவுமா?" என்றாள் போனில்.

"இது பார்க் இல்லமா. ரோட்டோரம்."

"கல்லத் தொடலாமா அங்க?"

"தொடலாம். உடைச்சுப் போட்டது, லாரியில அள்ளிட்டுத்தான் போறாங்க."

அவள் பக்கம் குக்கர் விசில் அடித்து அடங்கியது.

"அப்ப ஒண்ணு பண்ணு," என்றாள். "கெட்டியான கல்லா ஒண்ணு பாத்து இப்பவே ஓரமா எடுத்து வெய்யி. அடிக்கு வேணும்."