புளியங்கொட்டை நான் இல்லை

போன ஞாயிற்றுக்கிழமை பாப்பிரெட்டிப்பட்டியில் ஒரு கல்யாணம். பெட்ரோல் இல்லாமல் கரியில் ஓடுகிற பஸ்ஸில் போய் இறங்கியபோது முகம், சட்டை, வேட்டி எல்லாம் ஒரே நிறம். அப்படியும் என்னை விடவில்லை. "இவங்கதாங்க நம்ம புளியங்கொட்டை" என்று பெண்ணின் அப்பா பந்தல் முழுக்க அறிமுகம் செய்துவிட்டார்.

வாரா வாரம் இந்தப் பக்கத்தில் அந்தப் பெயரில் உங்களோடு வம்பளக்கிறவனுக்கு அதைவிட என்ன வேண்டும்? சொன்னால் என்ன — மனசு குளிர்ந்துதான் போச்சு.

பந்தியில் உட்கார்ந்தோம். பரிமாறிக்கொண்டிருந்தவர் பெண்ணின் சித்தப்பா. எதிர் வரிசையில் இருந்த தன் அக்கா புருஷனைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார்.

"என்னங்க மாமா, நாந்தான் புளியங்கொட்டைன்னு ஊரெல்லாம் சொல்லிட்டு இருந்தீங்க. இப்ப நெசப் புளியங்கொட்டையே வந்து உக்காந்திருக்காங்களே... என்ன சொல்றீங்க?"

பந்தியே சிரித்தது. நான் நிமிர்ந்து எதிர் வரிசையைப் பார்த்தேன். மாரியப்பன். அவர் ஊர் அதுதான் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது. மறப்பது எனக்குச் சௌகரியம்.

பழைய வாசகர்களுக்குக்கூடத் தெரியாத ஒரு விஷயத்தை இப்போது சொல்லியாக வேண்டும். இந்தப் பத்தியை ஆரம்பித்தவன் நான் இல்லை. யுத்தத்துக்கு முன்னால், முதல் இரண்டு வருஷம் எழுதியவர் மாரியப்பன். குடும்பத் தொழில் புளி வியாபாரம். கொட்டை எடுக்கிற களத்திலேயே உட்கார்ந்து எழுதுவார். பெயரும் அங்கிருந்து வந்ததுதான். ஒருநாள் பத்திரிகை முதலாளியோடு மனஸ்தாபம். சேலத்தில் வேறொரு பத்திரிகைக்குப் போய், அதே பெயரில் எழுத ஆரம்பித்தார்.

முதலாளிக்குப் பொறுக்குமா? "பேரு நம்ம பத்திரிகையோட சொத்து" என்று வக்கீல் நோட்டீஸ் விட்டார். வக்கீலுக்கு ஒரு சாட்சி தேவைப்பட்டது. ப்ரூஃப் பார்த்துக்கொண்டிருந்த என்னைக் கூப்பிட்டு ஒரு காகிதத்தை நீட்டினார்கள். 'இந்தப் பெயரில் ஆபீசில் பலரும் எழுதுகிறோம், நானும் எழுதியிருக்கிறேன்' என்று இருந்தது. அன்றைய தேதி வரை நான் அந்தப் பெயரில் ஒரு வரி எழுதியதில்லை. மாரியப்பன் எழுதியதில் காலும் கொம்பும் சரிபார்த்தவன், அவ்வளவுதான். ஆனால் பத்தி எனக்கே என்றார்கள். கையெழுத்துப் போட்டேன்.

சேலத்துக்காரர்கள் கோர்ட்டுக்குப் பயந்து அவரை நிறுத்திவிட்டார்கள். அவர் புளி மண்டிக்கே திரும்பிப் போனார். அடுத்த வாரத்திலிருந்து... உங்கள் அன்புக்குரிய நான். ஒருவர்கூட வித்தியாசம் கண்டுபிடிக்கவில்லை. எப்படிக் கண்டுபிடிப்பீர்கள்? ஆறு மாதம் அவர் மாதிரியேதானே எழுதினேன்! பெயருக்குக் காரணம் கேட்டு அரூர் வாசகர் ஒருவர் கடிதம் போட்டபோது, எங்கள் வீட்டுக் களத்தில் புளி அடித்த கதை ஒன்றை விட்டேனே, ஞாபகம் இருக்கிறதா? என் அப்பா தாலுகா ஆபீஸ் குமாஸ்தா. எங்கள் வீட்டுக்குப் புளி கடையிலிருந்துதான் வந்தது.

பந்திக்கு வருகிறேன். சிரிப்பு அடங்குவதற்குள் மாரியப்பனின் மனைவி பெண்கள் பக்கத்திலிருந்து எழுந்து வந்து என் இலைக்கு முன்னால் நின்றார்.

"நீங்களே சொல்லுங்க சார். இவரு எழுதினாரா, இல்லையா? எங்க பொறந்த வூட்டுல எல்லாரும் இவரைப் புளுகன்னுதான் சொல்றாங்க. நான் ஒருத்திதான் இல்லைன்னு சண்டை போட்டுட்டு இருக்கறேன். எனக்குப் படிக்கத் தெரியாதுங்க... இவரு சொன்னதை நம்பறதுதான்."

என் வாயில் வடை இருந்தது. ஒரு வாய் வடையை விழுங்க எவ்வளவு நேரம் ஆகும்? நான் மென்றேன். மென்றுகொண்டே இருந்தேன். மாரியப்பன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கோபமாக இல்லை. நான் பேசுவேன் என்று காத்திருந்தார். அப்புறம் குனிந்து, இலையைப் பார்த்துச் சொன்னார்.

"சும்மா வெளையாட்டுக்குச் சொன்னதும்மா. நான் எங்க எழுதினேன்..."

அந்த அம்மாள் அவரை ஒரு பார்வை பார்த்தார். பெண்கள் பக்கமே திரும்பிப் போய்விட்டார். எனக்கு வடை அதற்கப்புறம்தான் இறங்கியது.

வெட்கமாக இருக்கிறது. இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. மாட்டைத் திருடினால் கொட்டில் காலியாகிறது, ஊரே ஓடி வருகிறது. வரப்பை நகர்த்தினால் மணியக்காரர் சங்கிலியோடு வந்து அளக்கிறார். பெயரைத் திருடினால் மட்டும், பறிகொடுத்தவன்தான் புளுகன் ஆகிறான். திருடினவனுக்குப் பந்தியில் முதல் இலை.

முதலாளி பேப்பர் கோட்டா விஷயமாக மதராஸ் போயிருக்கிறார். அவர் திரும்புவதற்குள் இது அச்சாகிவிடும். அதற்கப்புறம் எனக்கு இங்கே நாற்காலி இருக்குமா என்பது வேறு விஷயம்.

ஒரே ஒரு உதவி. பாப்பிரெட்டிப்பட்டி வாசகர்கள் யாராவது புளி மண்டி மாரியப்பன் வீட்டுக்குப் போய், இதை அந்த அம்மாளுக்குப் படித்துக் காட்டுங்கள் — மாரியப்பனே படித்துச் சொன்னால், இனி அந்த அம்மாள் நம்பமாட்டார்.