பங்காளிக்கொல்லி

அப்பாவும் மகளும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை, பெரியப்பாவை ஒரு டியூபிலிருந்து இன்னொரு டியூபுக்கு மாற்றியது.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரை மணி. சாப்பாட்டு மேசையை ஸ்பிரிட்டால் துடைத்து, மின்விசிறியை நிறுத்தி, ஜன்னலைச் சாத்தினார்கள். மகள் இரண்டு டியூப்களையும் இடது கையில் சாய்த்துப் பிடித்தாள். அப்பா நுனி வளைந்த லூப் கம்பியை ஸ்பிரிட் விளக்கில் சிவக்கக் காட்டி, ஆறவிட்டு, பழைய டியூபில் தொட்டுப் புதிய டியூபில் உறைந்திருந்த அகர் கூழின் மேல் நெளிவாக ஒரு கோடு இழுத்தார். கோடு கொஞ்சம் கோணியது.

“கை ஆடுதுப்பா.”

“கை ஆடலை. நீதான் டியூபை ஆட்டுற. படிச்ச கைக்கு நிதானம் பத்தாது.”

அம்மா வாசற்படியில் நின்றபடி சொன்னாள்: “சாப்பிடுற மேசையில கிருமி வளக்கிற வீடு ஊர்லயே இது ஒண்ணுதான்.”

“போன வாரம் உன் தம்பி இதே மேசையில சாப்பிட்டான். அவன் எந்திரிச்சுப் போனப்புறம்தான் நான் ரெண்டு தடவை துடைச்சேன்” என்றார் அப்பா.

பெரியப்பா என்பது ஒரு பாக்டீரியா. பாலைப் புளிக்க வைக்கும் சாதுவான ஜாதி. அது குட்டிப் புரதம் ஒன்றைச் சுரந்து வெளியே விடும். அந்தப் புரதம் அதன் நெருங்கிய சொந்தங்களை மட்டும் கொல்லும். தூரத்து ஜாதிகளை அனேகமாகத் தொடாது. தன் விஷம் தன்னைத் தாக்காமலிருக்க ஒரு பாதுகாப்புப் புரதத்தையும் அதுவே செய்து வைத்திருக்கும். இந்த வகை விஷத்துக்கு பாக்டீரியோசின் என்று பெயர். அப்பாவுக்கு ஓர் அண்ணன் உண்டு. ஊரில் எல்லோருக்கும் உதவுகிறவர், கூடப் பிறந்தவர்களில் ஒருவரையும் தலையெடுக்க விடாதவர். விஷயத்தைக் கேட்டதுமே அப்பா பாக்டீரியாவுக்குப் பெயர் வைத்துவிட்டார்.

டியூபை மாற்றி முடித்ததும் சோதனைத் தட்டை எடுத்தார்கள். தட்டு முழுக்கச் சொந்தக்காரப் பாக்டீரியா வெள்ளைப் போர்வையாக வளர்ந்திருந்தது. நடுவில் பெரியப்பா. அவரைச் சுற்றி ஒன்றும் முளைக்காத ஒரு வட்டம். அப்பா மகளின் பள்ளிக்கூடத்து ஸ்கேலை வைத்து அளந்தார்.

“ஒன்பது மில்லிமீட்டர்.”

“முதல்ல எவ்வளவு இருந்தது?”

“பதினாலு. கிழவருக்குப் பல்லு விழுது.”

விஷம் செய்யும் மரபணு தனியாக ஒரு சின்ன வளையத்தில் இருக்கிறது, ஒவ்வொரு முறை மாற்றும்போதும் சில பிள்ளைகள் அதைத் தொலைத்துவிடுகின்றன, இப்படியே போனால் ஒருநாள் பெரியப்பா வெறும் சாதுவாகிவிடுவார் என்று மகள் ஏற்கெனவே சொல்லியிருந்தாள். வழி ஒன்றுதான். நுண்ணுயிர் வங்கியில் கொடுத்தால் உறைய வைத்து உலர்த்திக் கண்ணாடிக் குப்பியில் மூடிவிடுவார்கள். அதற்கு மேல் எதையும் தொலைக்க முடியாது. படிவம் நிரப்பியாகிவிட்டது. ஒரு கையெழுத்து மட்டும் பாக்கி. எந்தப் பாலிலிருந்து கிடைத்ததோ அந்தப் பாலுக்குச் சொந்தக்காரர் சம்மதம் தர வேண்டும்.

“வியாழக்கிழமை போய் வாங்கிட்டு வந்துடுறேன்” என்றார் அப்பா.

இரண்டு வருடமாக அவர் சொல்லிவந்த வியாழக்கிழமை அது.

அப்பா பால் தொழிற்சாலையின் ஆய்வகத்தில் முப்பத்தொரு வருடம் வேலை பார்த்தார். அகர் காய்ச்சுவது, கண்ணாடித் தட்டுகளில் ஊற்றுவது, வேலை முடிந்த தட்டுகளை ஆட்டோகிளேவில் வேகவைத்துக் கிருமி நீக்கிக் கழுவுவது. பதவியின் பெயர் மூன்று வரி நீளம். எல்லோருக்கும் அவர் தட்டுக்காரர். ஆராய்ச்சி செய்கிறவர்கள்மேல் அவருக்கு மரியாதை குறைவு. ‘நான் சமைச்சுப் போடுறேன், அவங்க எண்ணிப் பாக்குறாங்க’ என்பார்.

ஒரு வருடம் பாலாடைக்கட்டிப் பிரிவில் பால் உறையாமல் அடம்பிடித்தது. உறை ஊற்றினால் அப்படியே கிடக்கும். ஒவ்வொரு பால்கேனாகப் பார்த்ததில் ஒரு பால்காரம்மாவின் கேன் மாட்டியது. ஆறு மாடு வைத்திருந்தவர். உறைப் பாக்டீரியா கலந்த தட்டில் அவருடைய பாலில் நனைத்த காகிதத்தை வைத்தால் சுற்றிலும் வெற்று வட்டம் விழுந்தது. மாட்டுக்கு மருந்து ஊசி போட்டுவிட்டுப் பாலை ஊற்றுகிறார் என்று முடிவு கட்டினார்கள். பால் எடுப்பது நின்றது. மூன்று வாரம் அந்த அம்மா தொழிற்சாலை வாசலில் வந்து நின்று, தான் ஊசியே போடவில்லை என்று சத்தம் போட்டார்.

மூன்றாவது வாரச் சனிக்கிழமை அப்பாவுக்குத் தட்டுத் தட்டுப்பாடு. மதியம் சீக்கிரம் கிளம்ப ஆசை. எல்லோர் பாலையும், மறுசோதனைக்கு வாங்கிய அந்த அம்மாவின் பாலையும் பரப்பிக் கிருமி எண்ணி முடித்த பழைய தட்டுகள் ஓர் அடுக்கு, கழுவாமல் இருந்தன. அவற்றை வேகவைத்து, கழுவி, காயவைக்க மூன்று மணி நேரம் பிடிக்கும். அவர் அதைச் செய்யவில்லை. உறைப் பாக்டீரியா கலந்த புது அகரை அந்தப் பழைய தட்டுகளின் மேலேயே மெல்லிசாக ஊற்றி, மூடிவைத்துவிட்டு வீட்டுக்குப் போனார்.

திங்கட்கிழமை ஆய்வக அதிகாரியம்மா தட்டுகளை எடுத்துப் பார்த்தார்.

“என்ன இது, பூச்சி அரிச்ச பாய் மாதிரி?”

“கழுவாத தட்டும்மா.”

“அதை இவ்வளவு தைரியமாச் சொல்றீங்களா?”

“ஓட்டை எல்லாத் தட்டுலயும் இல்லம்மா. எந்தெந்தத் தட்டுல இருக்குன்னு பாருங்க.”

ஓட்டை விழுந்தவை அந்தப் பால்காரம்மாவின் பாலைப் பரப்பிய தட்டுகள் மட்டும். ஒவ்வொரு ஓட்டைக்கும் நேர் அடியில், பழைய அகரில், ஒரு பாக்டீரியாக் கூட்டம் குந்தியிருந்தது. அதிகாரியம்மா நாற்காலியை இழுத்துப் போட்டுத் தட்டுகளை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்தார். பிறகு புரதத்தை அறுக்கும் நொதியை அந்தப் பாலில் கலந்து மறுபடி சோதித்தார். வட்டம் காணாமல் போனது. ஊசி மருந்தாக இருந்திருந்தால் நொதிக்கு மசிந்திருக்காது. பாலில் மருந்து இல்லை. பாலிலிருந்த ஒரு பாக்டீரியா, உறையிலிருந்த தன் சொந்தக்காரர்களைத் தீர்த்துக்கட்டிக்கொண்டிருந்தது.

பால்காரம்மா தப்பித்தார். அப்பாவுக்கு, கழுவாத தட்டைப் பயன்படுத்தியதற்காக விளக்கம் கேட்டு ஒரு மெமோ வந்தது. அதைச் சட்டம் போட்டுக் கூடத்தில் மாட்டினார். யாராவது கேட்டால் ‘பட்டம்’ என்பார். யாரும் கேட்காமல், அந்தப் பாக்டீரியா இருந்த ஒரு சின்ன டியூபை மேல்சட்டைப் பையில் போட்டு வீட்டுக்கும் கொண்டுவந்தார்.

அவருடைய தவறு தட்டு விஷயத்தில் இல்லை. நல்ல செய்தியைத் தானே போய்ச் சொல்கிறேன் என்று அன்று மாலை சைக்கிளை எடுத்ததுதான். திரும்பி வந்தபோது நொண்டினார். நடந்ததை வருடத்துக்கு ஒரு தடவையாவது வீட்டில் நடித்துக் காட்டுவார்.

“அம்மா, உங்க பால்ல மருந்து இல்லைன்னு தெரிஞ்சுபோச்சு.”

“அதைத்தானே நான் மூணு வாரமாக் கத்துறேன்.”

“கிருமிதான் இருக்கு.”

அந்த அம்மா கையில் கேன் மூடி இருந்தது.

“என்ன இருக்கு?”

“கிருமி. ஆனா நல்ல...”

மூடி முழங்காலில் பட்டது.

“மருந்துன்னாலாவது வெளியில இருந்து வந்ததுன்னு சொல்லிக்கலாம். என் மாட்டு மடியையே குத்தம் சொல்ல வந்துட்டீங்களா? என் காது தாங்குற மாதிரி இதைச் சொல்லத் தெரிஞ்ச அன்னைக்கு வாங்க, தட்டுக்காரரே. நீங்களே வரணும். ஆளை அனுப்புற வேலை வேண்டாம்.”

வங்கிக்கு வேண்டிய கையெழுத்து அந்த அம்மாவுடையது.

மகள் படித்து, இதே துறைக்குப் போய், இந்த விஷங்களுக்கெல்லாம் கலைச்சொல் வைக்கும் குழுவில் உட்கார்ந்தபோது, அப்பா முதல்முறையாக அவள் வேலையில் அக்கறை காட்டினார். தனக்கு ஒரு சொல் வேண்டியிருந்தது. குழுவின் சொல்லை அவள் வாசித்துக் காட்டினாள்: “நுண்ணுயிர்வழிப் புரதச்சிறுதொடர் எதிர்ப்பொருள்.”

“இதைச் சொல்லி முடிக்கிறதுக்குள்ள பால் திரிஞ்சுடும்.”

“ஆன்டிபயாட்டிக்னு சும்மா சொல்ல முடியாதுப்பா. அது ஊரையே அடிக்கும். இது சொந்தத்தை மட்டும் அடிக்கும். இதுலயே சிலதுல கந்தகப் பாலம் போட்டு வளைச்ச கட்டு இருக்கும், அதுக்கு லாண்டிபயாட்டிக்னு தனிப் பேர்.”

“பங்காளியில ஒண்ணுவிட்ட பங்காளி மாதிரியா?”

அவள் சிரித்துவிட்டாள். அவர் சிரிக்கவில்லை. யோசித்துக்கொண்டிருந்தார்.

“பங்காளிக்கொல்லி” என்றார் கொஞ்ச நேரம் கழித்து. “அந்த அம்மாவுக்கு மூணு மச்சினனுங்க. சொத்துக் கேஸ் நடந்துக்கிட்டு இருக்கு. ஒரே சொல்லுல புரிஞ்சுடும்.”

குழு அந்தச் சொல்லை ஏற்கவில்லை. கண்ணியக் குறைவு என்றார்கள். ‘அறிவியல்படி குறை சொல்லுங்க பாப்போம்’ என்று அப்பா வீட்டில் உட்கார்ந்துகொண்டு சவால் விட்டார். அறிவியல்படி குறை எதுவும் இல்லை என்று மகளுக்குத் தெரியும்.

அந்த வியாழக்கிழமைக்கு முந்தின நாள் காலை, பல் தேய்த்துக்கொண்டிருந்தவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு குளியலறைத் தரையில் உட்கார்ந்தார். ஆம்புலன்ஸ் பதினாறு நிமிடத்தில் வந்தது. பதினொரு நிமிடத்தில் வந்திருந்தாலும் பயனில்லை என்று மருத்துவர் சொன்னார். மகள் அந்த இரண்டு எண்களையும் கைபேசியில் குறித்துக்கொண்டாள். எதற்கென்று தெரியவில்லை.

அசல் பெரியப்பா மூன்றாம் நாள் வந்தார். கூடத்தில் மெமோவுக்குக் கீழே உட்கார்ந்து, தொண்டையைச் செருமினார்.

“என் பேருல தம்பி ஏதோ வளத்தானாமே.”

“ஆமா பெரியப்பா. பிரிட்ஜுல இருக்கு.”

“நல்லா இருக்கா?”

“கொஞ்சம் சுருங்கிட்டு வருது.”

அவர் தலையாட்டினார். “எனக்கும் அப்படித்தான்” என்றார். பிறகு துண்டால் முகத்தை மூடிக்கொண்டு வெகுநேரம் அழுதார். அம்மா அவருக்குத் தண்ணீர் கொடுத்தாள். அந்த வீட்டில் அவர் தண்ணீர் வாங்கிக் குடித்து எத்தனையோ வருடமாகியிருந்தது.

நாலு வாரம் கழித்து மகள் தனியாக மேசையைத் துடைத்தாள். டியூபைப் பிடிக்க ஆளில்லை. இரண்டையும் ஒரே கையில் இடுக்கி, சுண்டுவிரலால் பஞ்சு அடைப்பை எடுத்து, அவர் செய்தபடி இழுத்தாள். கோடு நேராக வந்தது. அது அவளுக்குப் பிடிக்கவில்லை. மறுநாள் சோதனைத் தட்டில் ஸ்கேலை வைத்தாள்.

ஏழு.

“அவ்வளவுதானா?” என்றாள் அம்மா. வாழ்நாளில் முதல்முறையாக அந்தத் தட்டைக் கையில் வாங்கி வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். “எடுத்துட்டுப் போய்க் குடுத்துத் தொலைடி. இதுவும் போய்டப் போகுது.”

படிவம் அப்பாவின் அலமாரியில் இருந்தது. மகள் வியாழக்கிழமை லீவு போட்டாள்.

பால்காரம்மாவுக்கு வயதாகியிருந்தது. கொட்டகையில் இப்போது இரண்டே மாடு. இரும்புக் கேட்டைத் திறக்காமல் உள்ளேயிருந்தே கேட்டார்: “யாரு?”

“தட்டுக்காரர் பொண்ணும்மா. ஒரு கையெழுத்து வேணும்.”

“அவரே வரணும்னு சொல்லியிருந்தேனே. ஆளை அனுப்பாதீங்கன்னு.”

“அப்பா தவறிட்டாரும்மா. அஞ்சு வாரம் ஆகுது.”

கேட்டின்மேல் இருந்த கை இறங்கியது. 

“முழங்கால்ல பட்டது சரியாப் போச்சா அவருக்கு?”

“அன்னைக்கே சரியாப் போச்சும்மா. நொண்டினது நடிப்பு.”

“தெரியும். முக்கு திரும்பினதும் நல்லாத்தான் மிதிச்சாரு.”

மகள் படிவத்தை நீட்டினாள். அந்த அம்மா அதை வாங்கிப் புரட்டினார். பின்பக்கம் முழுவதும் பென்சில் எழுத்து. மகள் இதுவரை அந்தப் பக்கத்தைப் பார்த்திருக்கவில்லை. வரிசையாகச் சொற்கள், ஒவ்வொன்றின் குறுக்கேயும் ஒரு கோடு. கடைசியில் கோடு விழாமல் ஒன்று. அதற்குக் கீழே: ‘முதல்ல மன்னிப்பு. அப்புறம்தான் டியூப்.’

“எனக்குக் கண்ணு தெரியலை. என்ன எழுதியிருக்காரு?”

“உங்ககிட்டச் சொல்றதுக்கு ஒரு வார்த்தை தேடியிருக்காரும்மா. ஒவ்வொண்ணா எழுதி அடிச்சுப் போட்டு, கடைசியா ஒண்ணு கிடைச்சிருக்கு. சொல்லட்டுமா?”

அந்த அம்மா கேட்டின் கொக்கியை எடுத்தார். திண்டு மாதிரி கிடந்த வைக்கோல் கட்டைக் காலால் தள்ளி உட்காரச் சொன்னார்.

“அவரு சொல்ல வேண்டியது. நீ படி” என்றார். “அடிச்சுப் போட்டதுல இருந்து ஆரம்பி.”